ஏற்காடு போறீங்களா? ராத்திரி டார்ச்சை அணைச்சுட்டுப் பாருங்க!

சேலத்திலிருந்து 20 கொண்டை ஊசி வளைவுகள். மேலே போனதும் ஏரியில் படகு, பகோடா பாயின்ட், சேர்வராயன் கோயில் என்று பகலுக்கான லிஸ்ட் எல்லோரிடமும் இருக்கிறது. ராத்திரிக்கு? லேடீஸ் சீட்டில் நின்று கீழே மினுக்கும் சேலத்து விளக்குகளை போட்டோ எடுத்துவிட்டு ரூமுக்குத் திரும்பிவிடுகிறோம். அந்த நேரத்தில் மலைப்பக்கம், மரங்களுக்கு அடியில் வேறு விளக்குகள் ஏற ஆரம்பித்திருக்கும். மின்மினிகள்!

சின்ன வயதில் இதைப் பிடித்துத் தீப்பெட்டிக்குள் அடைத்தவர்கள் நம்மில் நிறைய பேர். தூக்கணாங்குருவி தன் கூட்டில் ஈரமண்ணை வைத்து, அதில் மின்மினியை ஒட்டி விளக்கேற்றிக்கொள்ளும் என்று பாட்டி சொன்ன கதையும் ஞாபகம் இருக்கும். கூட்டில் களிமண் அப்பியிருப்பது நிஜம். விளக்குதான் கதை!

பூச்சி என்று சொன்னாலும் மின்மினி ஒரு வண்டு. உலகம் முழுக்க 2,000-க்கும் மேற்பட்ட வகைகள் இருக்கின்றன. அதன் வயிற்றின் நுனியில் இருக்கும் லூசிஃபெரின் என்ற பொருள், லூசிஃபெரேஸ் என்ற நொதியின் உதவியோடு ஆக்சிஜனுடன் சேரும்போது வெளிச்சம் பிறக்கிறது. குண்டு பல்பைத் தொட்டால் கை சுடும். இந்த வெளிச்சத்தில் சூடு என்று சொல்லும் அளவுக்கு எதுவும் இல்லை.

எதற்காக இத்தனை மினுக்கல்? எல்லாம் கல்யாணப் பேச்சுதான். ஆண் பறந்துகொண்டே ஒரு தாளத்தில் மின்னும். பெண் பெரும்பாலும் புல்லிலோ புதரிலோ உட்கார்ந்தபடி, தன் இனத்துத் தாளமா என்று பார்த்துப் பதில் மின்னும். ஒவ்வொரு இனத்துக்கும் தாளம் வேறு. சில இனங்களில் ஆண்கள் கூட்டமாகச் சேர்ந்து ஒரே நேரத்தில் எரிந்து, ஒரே நேரத்தில் அணையும். ஆனைமலை புலிகள் காப்பகத்தின் உலாந்தி வனச்சரகத்தில் அப்படிக் கோடிக்கணக்கில் கூடிய மின்மினிகளை, 2022 ஏப்ரலில் வனத்துறையும் ஆய்வாளர்களும் சேர்ந்து ஆவணப்படுத்தினார்கள். அப்ஸ்காண்டிடா என்ற பேரினத்தைச் சேர்ந்தவை அவை. மலேசியாவின் கோலசிலாங்கூர் ஆற்றங்கரையில் இதே காட்சியைப் பார்க்கப் படகுச் சவாரியே நடக்கிறது.

ஏற்காட்டில் அத்தனை பெரிய திருவிழாவை எதிர்பார்க்காதீர்கள். ஆனால், மின்மினிக்கு வேண்டிய வீடு இங்கே இருக்கிறது. 1820-களில் சேலம் கலெக்டர் காக்பர்ன் கொண்டுவந்த காப்பி, இன்றும் சில்வர் ஓக் போன்ற மரங்களின் நிழலில்தான் வளர்கிறது. மரம் உதிர்க்கும் சருகு மக்கி, மண் ஈரமாகவே கிடக்கும். மின்மினியின் புழு வளர்வது அந்தச் சருகுக்குள்தான். பல மாதங்கள், சில இனங்களில் ஒரு வருடத்துக்கும் மேல் அங்கே நத்தைகளைத் தின்று வாழும். தோட்டக்காரர்களுக்குத் தொல்லை தரும் நத்தைகள்! சிறகு முளைத்த பிறகு கிடைப்பது சில வாரங்கள்தான். அதற்குள் ஜோடியைக் கண்டுபிடித்தாக வேண்டும்.

சிக்கல் இங்கேதான். கோடை மழை விழுந்த பிறகு, ராத்திரி புழுக்கமாக இருக்கும் நாள்களே மின்மினிக்கு ஏற்றவை. ஏற்காட்டில் கோடை விழா நடப்பதும், ரூம் கிடைக்காமல் கூட்டம் அலைவதும் அதே மே மாதத்தில். ரிசார்ட் வாசலில் வெள்ளை எல்.இ.டி., தோட்டத்து மரங்களில் சீரியல் லைட், ரோட்டில் ஹெட்லைட். இந்த வெளிச்சத்தில் ஆணின் மினுக்கல் பெண்ணுக்குத் தெரிவதில்லை. பதில் வராது. ஜோடி சேராத பூச்சிக்கு அடுத்த வருடம் என்று ஒன்று கிடையாது. சருகைக் கூட்டி எரிப்பதும் பூச்சிமருந்து தெளிப்பதும் புழுக்களையே காலி செய்துவிடும். பக்கத்துக் கொல்லிமலையில் இருட்டைக் காப்பாற்றவே ஒரு பூங்கா அமைக்கும் திட்டத்தை அரசு அறிவித்திருக்கிறது. சேர்வராயனுக்கும் அப்படி ஒன்று வந்தால் நல்லதுதான். அதுவரை, தங்குமிடத்தில் தோட்டத்து விளக்கை ஒன்பது மணி வரையாவது அணைக்கச் சொல்லிக் கேட்பதில் தப்பே இல்லை.

பார்க்க ஆசையா? நிலா இல்லாத, மழை பெய்து ஓய்ந்த நாளாகப் பாருங்கள். இருட்டிய முதல் ஒன்றிரண்டு மணி நேரம்தான் சரியான நேரம். அனுமதி இல்லாமல் எஸ்டேட்டுக்குள் நுழைய வேண்டாம். காட்டுமாடு நடமாடும் மலை இது. தங்கியிருக்கும் இடத்தின் தோட்டத்து ஓரமே போதும். டார்ச் தேவைப்பட்டால் முனையில் சிவப்பு கண்ணாடித் தாளைக் கட்டி, தரையைப் பார்த்துப் பிடியுங்கள். கண் இருட்டுக்குப் பழக 20 நிமிடமாவது ஆகும். பத்தொன்பதாவது நிமிடத்தில் கூட வந்தவர்களில் யாராவது ஒருவர் வாட்ஸ்அப் பார்க்க போனை எடுப்பார். கிளம்பும்போதே சொல்லிவைத்துவிடுங்கள்.