வெளியும் ஆட்சியும்: நெடுந்தீவின் மேய்ச்சற்றரை பற்றிய ஒரு வரலாற்று நோக்கு

யாழ்ப்பாணத்தின் சமூக வரலாற்றை எழுதப் புகுந்தோர் பெரும்பாலும் செறிவையே கண்டனர். துண்டு துண்டான காணி, நெருங்கிய வேலி, கிணற்றிறைப்பில் விளையும் புகையிலை, வேலியிலே தொடங்கி நீதிமன்றிலே முடியும் எல்லைத் தகராறு என்பனவே அவ்வெழுத்துக்களில் மீண்டும் மீண்டும் இடம்பெறுகின்றன. குடாநாட்டுக்குத் தென்மேற்கே, பாக்குநீரிணையிற் கிடக்கும் நெடுந்தீவு இச்சித்திரத்துள் அடங்குவதில்லை. ஏறக்குறைய 50 சதுர கிலோமீற்றர் பரப்புடைய இத்தீவில், 2012ஆம் ஆண்டின் குடிசன மதிப்பின்படி நாலாயிரம் பேர்தானும் இல்லை. யாழ் மாவட்டத்தில் சதுர கிலோமீற்றர் ஒன்றுக்கு அறுநூறு பேருக்கு மேல் வாழ, இங்கு எண்பது பேரளவிலேயே வாழ்கின்றனர். இருந்தும் இத்தீவுக்கெனத் தனியான பிரதேச சபை ஒன்று உண்டு. பரந்த புல்வெளியையும் அருகிய குடிகளையும் கொண்ட இத்தகைய ஆட்சி அலகின் வரலாறு எத்தகையது என்பதே நாம் இங்கு ஆராய முற்படும் விடயமாகும்.

ஒப்புநோக்குக்காகக் கனடாவின் புல்வெளி மாகாணங்களைச் சற்று நோக்கலாம். சஸ்கச்சுவான் மாகாணத்தின் கிராம நகராட்சிகள் பல, பதினெட்டு மைல் நீளமும் பதினெட்டு மைல் அகலமும் கொண்ட சதுரங்களாக வகுக்கப்பட்டவை. அவற்றுட் சிலவற்றின் குடித்தொகை சில நூறுகளே. அங்கு முதலில் வந்தது நில அளவையாளனின் சங்கிலி. 1871 முதல் செய்யப்பட்ட உடன்படிக்கைகள் மூலம் ஆதிக்குடிகள் ஒதுக்கிடங்களுக்குள் ஒடுக்கப்பட்டனர். 1872ஆம் ஆண்டின் நிலச்சட்டம் 160 ஏக்கர் வீதம் காணியைக் குடியேற வந்தோருக்குப் பங்கிட்டது. அதாவது, 'வெற்று நிலம்' என்பது அங்கு இயற்கை தந்ததன்று, ஆக்கப்பட்டது. நெடுந்தீவைப் பற்றியும் இக்கேள்வியை எழுப்புதல் வேண்டும் என்பது எமது கருத்து.

தீவின் தரை முருகைக்கற்பாறை மீது மெல்லிதாய்ப் படிந்த மண்ணாகும். நன்னீர் சில இடங்களிலேயே கிடைக்கின்றது. பல கிணறுகள் உவர். வடகீழ்ப் பருவமழையை நம்பிய சிறு பயிர்ச்செய்கை, பனை, கால்நடை, கடற்றொழில் என்பனவே மக்களின் சீவனோபாயம். குடாநாட்டில் கிடுகும் பனையோலையும் கிளுவையும் செய்யும் வேலையை இங்கு, சாந்து எதுவுமின்றி அடுக்கப்பட்ட முருகைக்கற் சுவர்கள் செய்கின்றன. இவற்றைக் காண வருவோர் அழகுப் பொருளாகவே நோக்கிச் செல்கின்றனர். நாம் இவற்றை உழைப்பின் ஆவணங்களாகக் கொள்கின்றோம். நிலத்தைப் பயிருக்குத் தகுதியாக்கக் கல்லைப் பொறுக்க வேண்டும். பொறுக்கிய கல்லை எங்காவது குவிக்க வேண்டும். அதனை வரிசையாக அடுக்கினால் மாடும் குதிரையும் பயிருக்குள் நுழையா. சுவரின் உட்புறம் குடும்பத்தின் உழைப்பு, வெளிப்புறம் பொதுமேய்ச்சல் என்ற இந்தப் பிரிவே தீவின் நிலவுறவுகளை விளங்கிக்கொள்வதற்கான திறவுகோலாகும்.

வெளியார் கண்ணுக்கோ குடிகளைக் காட்டிலும் கால்நடையே முதலிற் புலப்பட்டது. போர்த்துக்கேயர் இதனைப் 'பசுத்தீவு' எனப் பொருள்படும் பெயரால் அழைத்தனர். 1658இல் யாழ்ப்பாணத்தைக் கைப்பற்றிய ஒல்லாந்தர் தம் நாட்டு நகரங்களின் பெயர்களைத் தீவுகளுக்கு இட்டனர். வேலணை லைடன் ஆயிற்று. காரைதீவு அம்ஸ்ரடாம் ஆயிற்று. நெடுந்தீவு டெல்வ்ற் ஆயிற்று. டெல்வ்ற் நகரம் ஒல்லாந்தக் கிழக்கிந்தியக் கம்பனியின் ஆறு கிளைமன்றங்களுள் ஒன்றின் இருப்பிடமாகும். வெடியரசன் என்னும் தலைவனைப் பற்றிய மரபுகளைத் தம் நினைவிற் பேணிவரும் ஊரவருக்கு மட்டும் அது என்றும் நெடுந்தீவாகவே இருந்தது.

குதிரை இத்தீவுக் கூட்டத்துக்குப் புதியதன்று. பன்னிரண்டாம் நூற்றாண்டில் முதலாம் பராக்கிரமபாகு நயினாதீவிற் பொறிப்பித்த தமிழ்க் கல்வெட்டு, ஊர்காவற்றுறைக்கு யானையும் குதிரையும் கொண்டுவரும் கப்பல் உடைந்தால் காற்பங்கு பண்டாரத்துக்கும் முக்காற்பங்கு உடையவனுக்கும் உரியதென விதிக்கின்றது. ஆயினும் அங்கு குதிரை வாணிகப் பண்டமே. நெடுந்தீவின் தரையைக் குதிரைப் பண்ணையாக மாற்றியவர்கள் ஐரோப்பியர். போர்த்துக்கேயர் கொணர்ந்த இனத்தை ஒல்லாந்தர் பெருக்கினர். ஆங்கிலேயர் காலத்தில் லெப்ரினன்ட் நோலன் என்பார் 1811 முதல் 1824 வரை அதனை மேற்பார்வை செய்தார். படைக்கும் நிருவாகத்துக்கும் வேண்டிய விலங்கை வளர்க்க ஏற்ற இடம், கடலே வேலியாக அமைந்த தீவுதான். பின்னர் பண்ணை கைவிடப்பட்டது. லாயத்தின் தூண்கள் நின்றன. குதிரைகள் காட்டுக் குதிரைகளாயின. இன்று சுற்றுலாப் பிரசுரங்களில் 'இயற்கையின் கொடை' எனப்படும் மட்டக்குதிரைகள், உண்மையில் குடியேற்றவாத நிருவாகம் கழித்துவிட்ட சொத்தின் வழித்தோன்றல்களே.

ஆட்சியமைப்பைப் பொறுத்தவரை வரலாறு விரைந்து சொல்லக்கூடியதே. 1871ஆம் ஆண்டின் கிராமச் சமுதாயக் கட்டளைச்சட்டம் தொடக்கிவைத்த கிராமச் சங்கங்கள், பின்பு கிராமசபைகளாக விரிவுற்றன. 1980ஆம் ஆண்டின் அபிவிருத்திச் சபைகள் சட்டத்தின் வழி, 1981இல் அவை நாடெங்கும் ஒழிக்கப்பட்டன. 1987ஆம் ஆண்டின் 15ஆம் இலக்கச் சட்டத்தால் பிரதேச சபைகள் உருவாயின. இவற்றின் சொந்த வருமானம், வளர்ச்சியடைந்த பகுதியெனப் பிரகடனம் செய்யப்பட்ட இடங்களில் அறவிடும் சோலைவரியையும் கட்டணங்களையும் சார்ந்தது. கட்டடமும் கடைத்தெருவும் குறைந்த தீவில் இவ்வழி வருவது எவ்வளவு? சஸ்கச்சுவானின் சிறு நகராட்சியோ தன் பரந்த கோதுமை நிலத்தின் மீதே வரி விதித்து வீதி அமைக்கின்றது. அங்கு பரப்பு வருமானமாகின்றது. இங்கு அது செலவாகவே நிற்கின்றது.

குடிகள் அருகியமைக்குக் காரணம் பல. நீரின்மையும் நிலமின்மையும் உந்த, நெடுந்தீவார் பலர் வன்னியின் குளங்களை அண்டிய குடியேற்றங்களுக்குச் சென்றனர். குறிகட்டுவானிலிருந்து ஏறத்தாழ ஒரு மணி நேரக் கடற்பயணமே வைத்தியத்துக்கும் உயர்கல்விக்கும் வழி என்ற நிலையும் பலரை வெளியேற்றியது. போர் அந்த வழியையே அச்சத்துக்குரியதாக்கிற்று. 1985 மே 15இல் குமுதினிப் படகிற் சென்ற ஆண், பெண், குழந்தைகள் பலர் நடுக்கடலில் வெட்டிக் கொல்லப்பட்டனர்.

மனிதர் குறைந்த தரைக்கு உரிமை கோருவோர் மட்டும் குறையவில்லை. 2015இல் தீவின் 1,846 ஹெக்டேயர், அதாவது மூன்றிலொரு பங்கிற்கும் மேல், தேசிய பூங்காவாகப் பிரகடனம் செய்யப்பட்டது. குதிரைகளுக்குப் பாதுகாப்புத் தேவை என்பதை நாம் மறுக்கவில்லை. வறட்சியில் அவை மடிவது கண்கூடு. ஆனால் சுவருக்கு வெளியே இருந்த பொதுமேய்ச்சல், திணைக்களம் ஒன்றின் எல்லைக்கல்லுக்குள் புகுந்தது என்பதையும் பதிவுசெய்தல் வேண்டும். 2021 சனவரியில் நெடுந்தீவு, நயினாதீவு, அனலைதீவு ஆகியவற்றின் மின்திட்டம் சீன நிறுவனக் கூட்டொன்றுக்கு வழங்க அமைச்சரவை இசைந்தது. இந்தியா ஆட்சேபித்தது, அவ்வாண்டின் இறுதியில் சீனத்தரப்பு அதனை நிறுத்திவைத்தது. பின்னர் இந்தியாவின் நன்கொடையில் அதே திட்டத்துக்கான ஒப்பந்தம் 2024 மார்ச் 1ஆம் நாள் கொழும்பில் கைச்சாத்தாயிற்று. நாட்டின் உள்ளூராட்சி மன்றங்களின் பதவிக்காலம் 2023 மார்ச்சிலேயே முடிவுற்றிருந்தது. அடுத்த தேர்தல் 2025 மே 6இலேயே நடைபெற்றது. ஆகவே, இரு பெரும் அரசுகள் போட்டியிட்ட அத்தரையின் பெயரால் கையொப்பம் இடப்பட்ட வேளையில், நெடுந்தீவுப் பிரதேச சபையில் தீவு மக்கள் தெரிவுசெய்த உறுப்பினர் ஒருவர்தானும் இருக்கவில்லை.