புரூஸ் லீக்கு முன்பே வாள் சுழற்றிய ஹீரோயின்: யார் இந்த செங் பெய்-பெய்?

குங்ஃபூ படம் என்றதும் ஞாபகத்துக்கு வருவது யார்? புரூஸ் லீ, ஜாக்கி சான், ஜெட் லீ. எல்லாமே ஆண்கள். ஆனா, புரூஸ் லீயின் 'தி பிக் பாஸ்' (1971) வருவதற்கு 5 வருஷம் முன்பே ஹாங்காங் திரையில் ரவுடிக் கும்பலைத் தனியாளாகச் சமாளித்தவர் ஒரு பெண். அவர்தான் செங் பெய்-பெய்.

1946-ல் ஷாங்காயில் பிறந்த இவர் கற்றது சண்டை அல்ல, பாலே நடனம். ஹாங்காங் வந்து, அங்கே கொடிகட்டிப் பறந்த ஷா பிரதர்ஸ் ஸ்டூடியோவில் சேர்ந்தார். இயக்குநர் கிங் ஹூவுக்கு அந்த நடனம்தான் தேவைப்பட்டது. அவர் சண்டையை சீன ஓபெராவின் தாளத்தில் யோசித்தவர். அசையாமல் காத்திருப்பது, சட்டென ஒரு வீச்சு, மறுபடி அமைதி. இதற்கு முரட்டு பலத்தைவிட டைமிங்தான் முக்கியம்.

அப்படி வந்ததுதான் 'கம் ட்ரிங்க் வித் மீ' (1966). கடத்தப்பட்ட சகோதரனை மீட்க, ஆண் வேடத்தில் ஒரு சத்திரத்துக்குள் நுழைகிறாள் கோல்டன் ஸ்வாலோ. கொள்ளையர்கள் சூழ்ந்துகொள்கிறார்கள். அவளோ பதறாமல் மேஜையில் உட்கார்ந்திருக்கிறாள். அந்த கெத்து இன்றைக்குப் பார்த்தாலும் அசத்தும்! என்ன, க்ளைமாக்ஸ் மோதல் மட்டும் ஒரு குடிகார ஹீரோ கைக்குப் போய்விடும்.

அடுத்து 1968-ல் 'கோல்டன் ஸ்வாலோ'. தலைப்பில் இருப்பது இவரது கேரக்டர். ஆனால் இயக்குநர் சாங் செ கதையை ஜிம்மி வாங் யூ பக்கம் சாய்த்துவிட்டார். ஹாங்காங் ஆக்‌ஷன் சினிமாவே அப்போது ஆண்கள் பக்கம் திரும்பிக்கொண்டிருந்தது. 1970-களின் தொடக்கத்தில் திருமணமாகி அமெரிக்கா போய்விட்டார் பெய்-பெய்.

திரும்பி வந்து நடித்தவற்றில் முக்கியமானது, ஆங் லீயின் 'க்ரவுச்சிங் டைகர், ஹிடன் டிராகன்' (2000). இதில் அவர் வில்லி, ஜேட் ஃபாக்ஸ். குரு அவளைப் படுக்கைக்கு அழைத்தார், பெண் என்பதால் வித்தையை மட்டும் கற்றுத்தரவில்லை. அவரைக் கொன்று சுவடியைத் திருடுகிறாள். அதிலும் சோகம்: அவளுக்குப் படங்கள்தான் புரிகின்றன, எழுத்து புரியவில்லை. அதை ரகசியமாகப் படித்துவிட்ட சிஷ்யை அவளையே மிஞ்சிவிடுகிறாள். ஒருகாலத்தில் வாள் சினிமாவின் நாயகியாக இருந்தவரே இந்த வேடத்தில் வரும்போது, வில்லி மீது கோபம் வரமாட்டேன் என்கிறது.

படம் 4 ஆஸ்கர் வென்றது. பெய்-பெய்க்கு ஹாங்காங் திரைப்பட விருதில் சிறந்த துணை நடிகை விருது கிடைத்தது.

2019-ல் அரிய மூளை நோய் இருப்பது தெரியவந்தது. டிஸ்னியின் 'முலான்' (2020) படத்தில் கல்யாணத் தரகராக வந்தவரும் இவர்தான். 2024 ஜூலை 17-ல், 78 வயதில் காலமானார். அவரது மூளை ஆராய்ச்சிக்காகத் தானமாக வழங்கப்பட்டது.