லொட்டே ரைனிகர்

லொட்டே ரைனிகர் (2 சூன் 1899 – 19 சூன் 1981) செருமனியைச் சேர்ந்த திரைப்பட இயக்குநரும் நிழலுருக் கலைஞரும் ஆவார். கறுப்பு அட்டையில் கத்தரியால் வெட்டிய உருவங்களை அசையவைத்து 40-க்கும் மேற்பட்ட படங்களை உருவாக்கினார். இவர் இயக்கிய "இளவரசர் அக்மதின் சாகசங்கள்" (1926), இன்று கிடைக்கும் முழுநீள அசைவூட்டப் படங்களுள் மிகப் பழமையானது. பெரிய திரைப்பட நிறுவனங்களைச் சாராமல் சிறு குழுவுடன் பணியாற்றியதால், தாம் விரும்பிய வடிவத்தை இவரால் கைவிடாமல் காக்க முடிந்தது.

தொடக்க காலம்

ரைனிகர் பெர்லினின் சார்லோட்டன்பர்க் பகுதியில் பிறந்தார். சிறுவயதிலேயே காகிதத்தில் உருவங்கள் வெட்டுவதிலும் நிழற்பாவை நிகழ்த்துவதிலும் தேர்ந்தார். நடிகரும் இயக்குநருமான பவுல் வேகனர் இவருடைய திறமையைக் கண்டு, 1918-இல் வெளியான "ஹாமெலினின் எலி பிடிப்பவன்" படத்துக்கு நிழலுருத் தலைப்புகள் செய்யும் வாய்ப்பை அளித்தார். அப்படத்தில் உயிருள்ள எலிகள் சொன்னபடி நடக்காததால், மர எலிகளைச் சிறிது சிறிதாக நகர்த்திப் படம்பிடித்தனர். அப்பணியிலும் ரைனிகர் பங்கேற்றார்.

1919-இல் தமது முதல் குறும்படத்தை எடுத்தார். அக்காலத்தில் அறிமுகமான கார்ல் கோக்கை 1921-இல் மணந்தார். கோக் இறுதிவரை இவருடைய படங்களின் தொழில்நுட்பத் துணையாக இருந்தார்.

இளவரசர் அக்மத்

1923-இல் செருமனியில் பணவீக்கம் உச்சத்தில் இருந்தது. பணத்தின் மதிப்பு சரிவதைக் கண்ட லூயி ஹாகன் என்ற வங்கியாளர், கச்சாப் படச்சுருளை வாங்கி வைத்திருந்தார். அதைக் கொண்டு முழுநீளப் படம் எடுக்க முடியுமா என்று அவர் ரைனிகரிடம் கேட்டார். அசைவூட்டம் என்றாலே சில நிமிட வேடிக்கைப் படம் என்றிருந்த காலம் அது. போட்சுடாமில் ஹாகனின் வண்டிக் கொட்டகைக்கு மேலிருந்த அறையே படப்பிடிப்புக் கூடமானது.

உருவங்கள் கறுப்பு அட்டையாலும் மெல்லிய ஈயத் தகட்டாலும் செய்யப்பட்டன. கை, கால், கழுத்து ஆகிய உறுப்புகள் தனித்தனியாக வெட்டப்பட்டுக் கம்பியால் இணைக்கப்பட்டன. கீழிருந்து ஒளியூட்டிய கண்ணாடித் தட்டின்மேல் உருவத்தைக் கிடத்தி, மேலேயுள்ள கேமராவால் ஒரு படம் எடுப்பார்கள். பிறகு உருவத்தை இம்மியளவு நகர்த்தி அடுத்த படம் எடுப்பார்கள். இவ்வாறு மூன்று ஆண்டுகளில் சுமார் 2,50,000 தனிப்படங்கள் எடுக்கப்பட்டன. இறுதிப் படத்தில் இடம்பெற்றவை சுமார் 96,000 மட்டுமே.

வால்டர் ருட்மன் மாயக் காட்சிகளின் பின்னணிகளையும், பெர்த்தோல்டு பார்ட்டோஷ் கடல் அலைகளையும் உருவாக்கினர். இசையமைத்தவர் வொல்ப்காங் செல்லர். கதை ஆயிரத்தொரு இரவுகளிலிருந்து எடுக்கப்பட்டது.

படம் 1926 மே 2 அன்று பெர்லினின் போல்க்ஸ்பூனே நாடக அரங்கில் முதலில் திரையிடப்பட்டது. சூலையில் பாரிசில் பெரும் வரவேற்பைப் பெற்றது. பிரெஞ்சு இயக்குநர் ழான் ரெனுவார் இத்தம்பதியரின் நெருங்கிய நண்பரானார். வால்ட் டிஸ்னியின் முதல் முழுநீளப் படமான "ஸ்னோ ஒயிட்" வெளிவந்தது இதற்குப் பதினோரு ஆண்டுகளுக்குப் பின்னரே.

நாடு நாடாக

நடிகர்களைக் கொண்டு ரைனிகர் இணைந்து இயக்கிய "நற்பேற்றைத் தேடி" படம் பேசாப்படமாக எடுக்கப்பட்டு, 1930-இல் பிறகு சேர்த்த ஒலியுடன் வெளியாகித் தோல்வியடைந்தது.

1933-இல் நாட்சிகள் ஆட்சிக்கு வந்தனர். இடதுசாரிச் சார்புடைய ரைனிகரும் கோக்கும் நாட்டைவிட்டு வெளியேற விரும்பினர். ஆனால் எந்த நாடும் நிரந்தரக் குடியிருப்பு உரிமை வழங்கவில்லை. தற்காலிக அனுமதி முடியும்போதெல்லாம் நாடு மாறி வாழ்ந்தனர். இங்கிலாந்தில் அஞ்சல் துறையின் திரைப்படப் பிரிவுக்குக் குறும்படங்கள் எடுத்தார். ரெனுவாரின் "லா மார்செய்யேஸ்" (1938) படத்துக்கு நிழற்பாவைக் காட்சி அமைத்தார். போர்க்காலத்தில் இத்தாலியில் இருந்தவர், நோயுற்ற தாயைக் கவனிக்கப் பெர்லினுக்குத் திரும்ப நேர்ந்தது.

ஹாகன் குடும்பம் யூதக் குடும்பம். வங்கியாளரின் மகனான இளைய லூயி ஹாகன் பதின்ம வயதிலேயே லிக்டன்பர்க் வதைமுகாமில் அடைக்கப்பட்டார். விடுதலையாகி இங்கிலாந்து சென்ற அவர், 1944-இல் ஆர்னம் போரில் பிரித்தானியப் படைவீரராகப் பங்கேற்றார்.

இலண்டனும் பிற்காலமும்

1949-இல் ரைனிகரும் கோக்கும் இலண்டனில் குடியேறினர். 1953-இல் இளைய ஹாகனுடன் இணைந்து பிரிம்ரோஸ் என்ற தயாரிப்பு நிறுவனம் உருவானது. தந்தையின் கூடத்தில் தொடங்கிய வேலையை மகன் வேறொரு நாட்டில் தொடரச் செய்தார். தொலைக்காட்சிக்காக எடுத்த தேவதைக் கதைப் படங்களுள் ஒன்றான "வீரத் தையற்காரன்", 1955-இல் வெனிசு விழாவில் பரிசு பெற்றது.

1963-இல் கோக் இறந்தபின் ரைனிகர் பல ஆண்டுகள் படமெடுக்கவில்லை. 1970-களில் கனடாவில் மீண்டும் கத்தரியை எடுத்தார். அங்கு உருவான "ஒக்காசினும் நிக்கொலெட்டும்" 1975-இல் வெளியானது. செருமனியின் டெட்டன்ஹவுசன் ஊரில் காலமானார்.

படத்தின் மீட்பு

அக்மத் படத்தின் மூல நெகட்டிவ் 1945-இல் பெர்லினில் நடந்த சண்டையில் அழிந்தது. ஆயினும், வெளிநாட்டில் திரையிட அனுப்பிய ஒரு வண்ணச் சாயமேற்றிய படி பிரித்தானியக் காப்பகத்தில் தப்பியிருந்தது. அதைக் கொண்டு பிராங்க்பர்ட் திரைப்பட அருங்காட்சியகம் 1999-இல் படத்தை மீட்டெடுத்தது. செல்லரின் இசையும் மீண்டும் சேர்க்கப்பட்டது. இவருடைய நிழலுருக்கள் டியூபிங்கன் நகர அருங்காட்சியகத்தில் பாதுகாக்கப்படுகின்றன.