கச்சான் குழம்பும் பொதுக்குசினியும்

நெதர்லாந்தின் றெஸ்ரோரன்ற் குசினிகளில் கோப்பை கழுவத் தொடங்கி மரக்கறி வெட்டும் மேசை வரைக்கும் நகர்ந்துவிட்ட எங்களுக்கு, 'கடோ-கடோ' என்ற இந்தோனேசியச் சாப்பாடு நன்கு பழக்கமானது. பயத்தங்காய், கோவா, முளைவிட்ட பயறு, கங்குன் ஆகியவற்றை அரை அவியலாக எடுத்து, உருளைக்கிழங்கும் முட்டையும் சோயாக்கட்டியும் சேர்த்துப் பரப்பி, மேலே உறைப்பான கச்சான் குழம்பை ஊற்றுவோம். பொரித்த கச்சானோடு மிளகாய், உள்ளி, பனங்கட்டி போன்றதொரு வெல்லம், கொஞ்சம் இறால் கூழ் என்பவற்றை அரைத்துப் பழப்புளிக் கரைசலில் இளக்குவதே முறை. ஜாவாவில் கல்லில் அரைப்பார்கள். அது எமது அம்மி போன்றதல்ல, தட்டையான கற்கோப்பை. இங்கோ போத்தலில் வரும் கச்சான் பசையைச் சுடுநீரில் கரைப்பதோடு காரியம் முடிந்துவிடுகிறது. புளி விடாத அந்தக் குழம்பை நாங்கள் எங்கள் சாப்பாட்டுக்குத் தொடுவதில்லை.

கச்சானை அவர்கள் 'கச்சாங்' என்கிறார்கள். எமது சம்பலும் தொதலும் அங்கே 'சம்பால்', 'டோடோல்'. 1658இல் யாழ்ப்பாணக் கோட்டையைப் பிடித்த ஒல்லாந்தக் கொம்பனியின் ஆசியத் தலைமையகம், இன்று ஜகார்த்தா எனப்படும் பத்தாவியாவில்தான் இருந்தது.

இந்தக் குழம்பு ஒல்லாந்துக்கு வந்து பரவிய கதை, எங்களைப் போன்றவர்களின் கதை. 1949 டிசம்பர் 27இல் இந்தோனேசியாவின் இறைமை கையளிக்கப்பட்டது. அதற்குச் சற்று முன்னும் பின்னுமாக ஏறத்தாழ மூன்று இலட்சம் பேர் அங்கிருந்து இங்கு வந்து சேர்ந்தனர். கலப்பினக் குடும்பங்கள் பல அரசு ஒழுங்குசெய்த விடுதிகளில் தங்கவைக்கப்பட்டன. அறையில் சமைக்கத் தடை; அவித்த உருளைக்கிழங்கே பெரும்பாலும் சாப்பாடு.

1951இல் வந்த மொலுக்கத் தீவினரின் நிலை இன்னும் சிக்கலானது. ஒல்லாந்தரின் குடியேற்ற நாட்டு இராணுவத்தில் பணியாற்றியவர்கள், குடும்பங்களோடு சுமார் 12,500 பேர். கரையிறங்கியதும் இராணுவத்திலிருந்து நீக்கப்பட்டார்கள். தங்க இடமாகக் கிடைத்தவற்றுள் வெஸ்ரபோர்க்கும் ஒன்று. யூதர்களை மரண முகாம்களுக்கு ரயிலேற்றிய அதே வெஸ்ரபோர்க்! சாப்பாடு பொதுக்குசினியிலிருந்து வந்தது.

1956இல் அரசு, இனி உங்கள் உழைப்பில் நீங்களே சமைத்துண்ணுங்கள் என்றது. பிறர் ஆக்கியதைத் தின்று சலித்தவர்கள் மகிழ்ந்திருப்பார்கள் என்றுதான் நாம் நினைப்போம். ஆனால் பலர் எதிர்த்தார்கள். சில முகாம்களில் கலவரமே மூண்டது. தமது விருப்பத்தில் வரவில்லை, ஆகவே பராமரிப்பது அரசின் கடன் என்பது அவர்களின் வாதம். அதற்கும் அடியில் வேறொன்று இருந்தது. 1950இல் பிரகடனம் செய்த தமது குடியரசுக்குத் திரும்புவோம் என்று காத்திருந்தவர்கள் அவர்கள். இங்கே அடுப்பு மூட்டுவது, இங்கேயே இருந்துவிடச் சம்மதிப்பதாகிவிடும் அல்லவா? வெளியிலிருந்து பார்ப்பவனுக்கு அது வெறும் பிடிவாதம். எங்களுக்கு அப்படித் தோன்றவில்லை. ஊருக்குப் போகும்போது வாங்கலாம் என்று பத்து வருடம் நல்ல சட்டி வாங்காமலிருந்த வீடுகள் எங்களிடையேயும் உண்டு.

1985இல், எங்களுக்கு முந்தி இங்கு வந்த தமிழருக்கென்றும் ஒரு தனி ஏற்பாட்டை அரசு கொண்டுவந்தது. மக்கள் வாயில் அதன் பெயர், 'படுக்கை, குளிப்பு, பாண்'.

கச்சான் குழம்பு மட்டும் எவரிடமும் அனுமதி கேட்கவில்லை. ஒல்லாந்தர் இன்று அதை உருளைக்கிழங்குப் பொரியலின் மேலும் ஊற்றித் தின்கிறார்கள். வூக்ற் நகரில், முன்பு முகாமாயிருந்த லுனெற்றனில், மொலுக்கக் குடும்பங்கள் இன்னும் வசிக்கின்றன.