ராயின் பேய்களும் நம் தாளவாத்தியமும்

சத்யஜித் ராயின் தொடக்ககாலப் படங்களுக்கு இசை தந்தவர்கள் சாமானியர்கள் அல்லர். ‘பதேர் பாஞ்சாலி’க்கு (1955) ரவிசங்கர், ‘ஜல்சாக’ருக்கு (1958) விலாயத் கான், ‘தேவி’க்கு (1960) அலி அக்பர் கான். ஆனால் மேதைகளுக்கு நேரம் ஏது? ‘பதேர் பாஞ்சாலி’யின் இசை பெரும்பாலும் ஒரே இரவில் பதிவானது. மிட்டாய்க்காரர் பின்னால் பிள்ளைகள் ஓடும் காட்சிக்கு ஒளிப்பதிவாளர் சுப்ரதா மித்ராவே சிதார் வாசித்துக் கொடுத்தார்.

நேரத்தைவிடப் பெரிய சிக்கல் மனப்போக்கு. வித்வானுக்கு ராகம் விரிய இடம் வேண்டும். காட்சியோ அரை நிமிடத்தில் முடிந்துவிடும். ‘ஜல்சாக’ரில் நொடித்துப்போன ஜமீன்தாருக்காக விலாயத் கானின் இசை உருகியது. தாமே அமைத்திருந்தால் அதில் கொஞ்சம் எள்ளல் கலந்திருக்கும் என்பது ராயின் எண்ணம். 1961இல் ‘தீன் கன்யா’ முதல் அந்தப் பொறுப்பைத் தாமே ஏற்றார்.

குருகுலவாசம் எதுவும் கிடையாது. வீட்டில் கேட்ட பிரம்ம சமாஜப் பாடல்கள், இளமையில் தேடித்தேடி வாங்கிய மேற்கத்திய இசைத்தட்டுகள், ஸ்வரக்குறிப்புப் புத்தகங்கள், ஒரு பியானோ: இவைதாம் பள்ளிக்கூடம். மெட்டு பெரும்பாலும் சீட்டியாகவே பிறக்கும். ‘சாருலதா’வில் (1964) தாகூரின் மெட்டுகளைச் சொல் நீக்கிக் கருவிகளில் உலவவிட்டதைப் பலரும் புகழ்ந்துவிட்டார்கள். எனக்கு அதைவிட வியப்பு, ‘கூப்பி காயின் பாகா பாயி’னில் (1969) வரும் பேய் நடனம்.

ஆறு நிமிடத்துக்கு மேல் ஓடும் அந்த நடனத்தில் மெட்டு என்பதே இல்லை. நான்கு கூட்டப் பேய்களுக்கு நான்கு கருவிகள். நான்கும் நம் கச்சேரி மேடையிலிருந்து போனவை! அரசர்களுக்கு மிருதங்கம், குடியானவர்களுக்குக் கஞ்சிரா, வெள்ளைக்காரர்களுக்குக் கடம், தொந்திப் பேய்களுக்கு முகர்சிங். மெல்லத் தொடங்கி, காலம் ஏறி, ஒவ்வொரு கூட்டமும் தனக்குள்ளேயே அடித்துக்கொண்டு மாய்கிறது.

மிருதங்கத்துக்கு ராஜ மரியாதை கிடைத்ததில் புதுமை இல்லை. யாரும் அப்படித்தான் செய்திருப்பார்கள். கடத்தைத் துரைமார்களுக்குத் தந்ததுதான் சங்கதி. கடம் என்றதும் நமக்கு மண்ணும் மானாமதுரையும் நினைவுக்கு வரும். ராயின் காதில் விழுந்ததோ விறைப்பான, வளையாத நாதம். தொப்பியும் பூட்ஸுமாக விறைத்து நடக்கும் துரைக்கு அது அச்சாகப் பொருந்திவிட்டது. தனி ஆவர்த்தனம் கேட்டே பழகிய நம்மவர் ஒருவருக்கு இது தோன்றியிருக்குமா என்பது சந்தேகமே. முகர்சிங்கின் ‘ட்டொய்ங்’கைத் தொந்தியின் குலுக்கலாக்கியதும் அதே துணிச்சல்தான்.

நடனம் முடிந்து பேயரசன் வரம் தருகிறானே, அந்த வினோதக் குரலுக்கும் ராய் வெளியே ஆள் தேடவில்லை. தம் குரலையே பதிவுசெய்து, உருமாற்றி வைத்துக்கொண்டார்.