செர்ரி டம்ப் கேக்

செர்ரி டம்ப் கேக் என்பது பழம், கேக் மிக்ஸ், வெண்ணெய் ஆகிய மூன்றையும் ஒன்றன்மேல் ஒன்றாகப் பரப்பி, கிளறாமல் அப்படியே ஓவனில் வைத்து எடுக்கும் அமெரிக்க இனிப்பு. அடியில் செர்ரியும் நசுக்கிய அன்னாசியும், நடுவில் உலர்ந்த மாவுக்கலவை, மேலே வெண்ணெய்த் துண்டுகள். முட்டை, பால், தண்ணீர் எதுவும் சேர்ப்பதில்லை. மாவு வேகத் தேவையான ஈரத்தைப் பழச்சாறு தருகிறது. மேல்பரப்பு மொறுமொறுவென்று சிவக்க உருகிய வெண்ணெய் உதவுகிறது. தம் பிரியாணியைப் போலவே இங்கும் அடுக்கி முடித்தபின் கை வைக்கக் கூடாது.

எளிய பண்டம்தான். ஆனால் தமிழ்நாட்டில் இதைச் செய்யப் புகுபவர் முதலில் ஒன்றைத் தெரிந்துகொள்ள வேண்டும். நம் பேக்கரிகளில் கேக்கின் உச்சியில் வைக்கும் சிவப்பு உருண்டை பெரும்பாலும் செர்ரியே அன்று. சாயமேற்றிச் சர்க்கரைப் பாகில் ஊறவைத்த களாக்காய். அதில் சாறும் இல்லை, புளிப்பும் இல்லை. அதை அடியில் பரப்பி டம்ப் கேக் செய்தால் மாவு வேகாது. அதே செடியின் பழுத்த களாப்பழமோ இந்த இனிப்புக்கு மிகவும் ஏற்றது.

தோற்றம்

அமெரிக்காவில் குடியேறிய ஐரோப்பியர் பழத்தின்மேல் மாவை இட்டு வேகவைத்த 'காப்ளர்' வகை இனிப்புகளே டம்ப் கேக்கின் முன்னோடி. மாவைப் பிசையும் வேலையும் வேண்டாம் என்ற நிலை, கேக் மிக்ஸ் கடைக்கு வந்த பிறகுதான் உருவானது.

கேக் மிக்ஸின் கதை பிட்ஸ்பர்க் நகரில் தொடங்குகிறது. அங்கிருந்த பி. டஃப் அண்ட் சன்ஸ் நிறுவனத்திடம் கரும்புப் பாகு தேங்கிக் கிடந்தது. அதை உலர்த்தி மாவுடன் கலந்து, தண்ணீர் ஊற்றினால் இஞ்சி கேக் ஆகும் கலவையை ஜான் டஃப் உருவாக்கினார். 1933-இல் அதற்குக் காப்புரிமை கிடைத்தது. இரண்டாம் உலகப் போருக்குப் பின் பெரிய மாவு நிறுவனங்கள் களமிறங்கின. ஜெனரல் மில்ஸ் 1947-இல் பெட்டி க்ராக்கர் கேக் மிக்ஸையும், பில்ஸ்பரி 1948-இல் தன் கலவையையும் கொண்டுவந்தன. ஊர் ஊராகச் சுற்றி நல்ல உணவகங்களுக்கு வழிகாட்டி நூல் எழுதிய டங்கன் ஹைன்ஸின் பெயரில் 1951-இல் இன்னொரு கலவை வந்தது.

வீட்டில் முட்டை சேர்க்கும்படி கலவையை அமைத்தால் பெண்களுக்குத் தாமே சமைத்த நிறைவு கிடைக்கும் என்ற யோசனையை உளவியலாளர் எர்னஸ்ட் டிக்டரின் பெயரோடு சேர்த்துச் சொல்வது வழக்கம். டஃப் நிறுவனமோ 1930களிலேயே புது முட்டை சேர்க்கும் கலவைக்குக் காப்புரிமை பெற்றிருந்தது. டம்ப் கேக் அந்த முட்டையையும் விட்டுவிட்டது.

செர்ரி எங்கே விளைகிறது

அமெரிக்காவில் டப்பாவில் அடைத்து விற்கும் செர்ரிக் கூழில் பெரும்பாலும் இருப்பது புளிப்புச் செர்ரி. அந்நாட்டில் அதன் தலைமை விளைநிலம் மிச்சிகன் மாநிலம். பெயர்பெற்ற வகை மான்ட்மோரன்சி. இந்தியாவில் விளைவது முக்கியமாக இனிப்புச் செர்ரி. காஷ்மீரின் ஷோபியான், காந்தர்பல், ஸ்ரீநகர் பகுதிகளிலும், இமாச்சலத்தின் சிம்லா மலைச்சரிவுகளிலும் மே முதல் ஜூலை வரை பறிக்கிறார்கள்.

செர்ரி மரம் பூக்கக் குளிர்கால உறக்கம் வேண்டும். வகையைப் பொறுத்து ஏறத்தாழ 700 முதல் 1,200 மணி நேரம் வரை 7 டிகிரி செல்சியஸுக்குக் கீழான குளிர் தேவை. திருவண்ணாமலைச் சமவெளியில் மார்கழி இரவுகூட அந்த அளவுக்கு இறங்குவதில்லை. தமிழ்நாட்டில் செர்ரியின் நெருங்கிய உறவென்றால் நீலகிரியிலும் கொடைக்கானலிலும் விளையும் பிளம்ஸ்தான். இரண்டும் ஒரே பேரினத்தைச் சேர்ந்தவை. தெருவோரம் நிழலுக்கு வளர்க்கும் தேன்பழ மரத்தைச் சிலர் சிங்கப்பூர் செர்ரி என்பார்கள். அது வெப்பமண்டல அமெரிக்காவிலிருந்து வந்த வேறு குடும்பத்து மரம். செர்ரிக்கும் அதற்கும் உறவில்லை.

பேக்கரிச் செர்ரி

இந்தியப் பேக்கரிகளின் செர்ரி, களாச்செடியின் பிஞ்சுக்காயிலிருந்து வருகிறது. அரளி, நந்தியாவட்டை ஆகியவற்றின் குடும்பத்தைச் சேர்ந்த இந்தச் செடியின் தாவரவியல் பெயர் கரிஸ்ஸா கராண்டஸ். காயைக் கீறி விதை நீக்கி, உப்புநீரில் பதப்படுத்தி, நிறத்தை வெளுக்கச் செய்கிறார்கள். பிறகு சிவப்புச் சாயமேற்றி, சர்க்கரைப் பாகின் அடர்த்தியை நாள்தோறும் சிறிது சிறிதாகக் கூட்டி ஊறவைக்கிறார்கள். முடிவில் காயின் நீர் பெருமளவு வெளியேறி அந்த இடத்தில் சர்க்கரை நிறைந்துவிடும். அதனால்தான் அது மாதக்கணக்கில் கெடாமல் இருக்கிறது. பீடாக் கடைக்கும் ஐஸ்கிரீம் கடைக்கும் பயன்படுகிறது.

இந்த முறைக்கு மேலைநாட்டிலும் இணை உண்டு. மராஸ்கினோ செர்ரி முதலில் அட்ரியாட்டிக் கடலோர டால்மேஷியாவில் மராஸ்கா வகைச் செர்ரியை மதுவில் ஊறவைத்துச் செய்யப்பட்டது. 1920களில் அமெரிக்காவின் ஒரிகன் வேளாண் கல்லூரியில் எர்னஸ்ட் வீகாண்ட், கால்சியம் உப்பு கலந்த உப்புநீரில் பழத்தைப் பதப்படுத்தி, அது குழையாமல் இறுக்கமாக நிற்கும் வழியைச் செம்மைப்படுத்தினார்.

இத்தகைய பழங்களில் அதிகம் பயன்படும் சாயம் எரித்ரோசின். புளிப்பில் கரையாததால் அருகிலுள்ள கிரீமில் சிவப்பு வழியாது. இந்தியாவில் அனுமதிக்கப்பட்ட செயற்கை நிறங்களின் பட்டியலில் அது இருக்கிறது. அமெரிக்க உணவு மருந்து நிர்வாகம் உணவில் அதைப் பயன்படுத்தும் அனுமதியை 2025 ஜனவரியில் திரும்பப் பெற்றது.

வேங்கிக்கால் அடுப்பில்

இந்த இனிப்பைத் தமிழ்நாட்டில் செய்து பார்க்க ஏற்ற ஊர்களில் ஒன்று திருவண்ணாமலையை ஒட்டிய வேங்கிக்கால். அது அண்ணாமலையார் கோயிலுக்கு வடக்கே வேலூர் சாலையில் உள்ளது. திருவண்ணாமலை மாவட்டத்தின் ஆட்சியர் அலுவலகம் இங்கேதான். கிரிவலம் வருவோரின் ஊர் என்பதால் முட்டையில்லாத கேக்குக்கு இங்கே தனி மதிப்பு உண்டு. முட்டையே கேட்காத டம்ப் கேக் இந்த ஊருக்கு இயல்பாகப் பொருந்துகிறது. கேக் மிக்ஸ் வாங்கும்போது பச்சைப் புள்ளி உள்ள, முட்டையில்லாத பொட்டலமா என்று பார்த்துக்கொண்டால் போதும்.

பழத்துக்கும் வெகுதூரம் போக வேண்டாம். களாவும் அதன் உறவான சிறுகளாவும் வறண்ட முட்புதர்க் காட்டுச் செடிகள். இந்தப் பகுதியின் மண்ணுக்கும் வெயிலுக்கும் பழகியவை. களாக்காய் வெயில் காலத்தில் ஊறுகாய்க்கு வரும். ஆடி, ஆவணி வாக்கில் கருஞ்சிவப்பாகப் பழுக்கும். அந்தப் பழத்தில் புளிப்பும் இனிப்பும் சாறும் சேர்ந்திருக்கும். பெக்டினும் மிகுதி என்பதால் சர்க்கரையோடு கொதித்ததும் தானாகவே கூழாக இறுகும். டப்பாச் செர்ரிக் கூழில் மாவுப்பொருள் சேர்த்துப் பெறும் கெட்டித்தன்மை இதற்கு இயல்பிலேயே உண்டு.

அளவும் செய்முறையும்

அமெரிக்க வீடுகளில் வழங்கும் அளவு இது: 23 × 33 செ.மீ. தட்டுக்கு 595 கிராம் செர்ரிக் கூழ், 567 கிராம் நசுக்கிய அன்னாசி, ஒரு பெட்டி கேக் மிக்ஸ், 113 முதல் 170 கிராம் வெண்ணெய். பழைய குறிப்புகள் எழுதப்பட்ட காலத்தில் ஒரு பெட்டியில் 517 கிராம் மிக்ஸ் இருந்தது. பின்னர் நிறுவனங்கள் அதை 432 கிராமாகக் குறைத்தன. ஆகவே 'ஒரு பெட்டி' என்று படிப்பதைவிட எடைபோட்டுக்கொள்வது நல்லது.

சிறிய குடும்பத்துக்கு இதில் பாதி சரியாக இருக்கும். 20 செ.மீ. சதுரத் தட்டுக்குக் களாக்கூழ் 350 கிராம், பொடியாக நறுக்கிய அன்னாசி சாற்றோடு 230 கிராம், கேக் மிக்ஸ் 215 கிராம், வெண்ணெய் 80 கிராம்.

களாப்பழத்தைக் கழுவிப் பிளந்து விதை நீக்க வேண்டும். வெட்டும்போது பால் வடியும். கத்தியிலும் விரலிலும் ஒட்டும். கையில் சிறிது எண்ணெய் தடவிக்கொண்டு, வெட்டிய துண்டுகளை உப்புநீரில் போட்டு அலசினால் பிசுக்கு போய்விடும். பிறகு சுவைக்கேற்ற சர்க்கரையோடு எவர்சில்வர் பாத்திரத்தில் கொதிக்கவிட்டு, கரண்டியில் படியும் பதத்தில் இறக்கலாம். புளிப்பு மிகுந்த பழம் என்பதால் பித்தளையும் அலுமினியமும் ஆகாது.

தட்டில் வெண்ணெய் தடவி, களாக்கூழைப் பரப்பி, அன்னாசியை அதன் சாற்றோடு ஊற்ற வேண்டும். அதன்மேல் கேக் மிக்ஸை ஓரம்வரை சமமாகத் தூவி, குளிர்ந்த வெண்ணெயை மெல்லிய வில்லைகளாகச் சீவி நெருக்கமாக அடுக்க வேண்டும். 175 முதல் 180 டிகிரி சூட்டில் 45 முதல் 55 நிமிடம் ஆகும். ஓரங்களில் பழச்சாறு கொதித்துக் குமிழியிட்டு, மேல்பரப்பு பொன்னிறமானால் வெந்துவிட்டது என்று அறியலாம்.

ஓவன் இல்லாத வீட்டில் குக்கரே போதும். அடியில் கல்லுப்பைப் பரப்பி, கேஸ்கட்டும் வெயிட்டும் இல்லாமல் பத்து நிமிடம் சூடேற்றி, தாங்கியின்மேல் பாத்திரத்தை வைத்துச் சிறு தீயில் ஒரு மணி நேரம் வேகவிடலாம். குக்கரில் மேலிருந்து நேர்ச்சூடு கிடைக்காது. பழத்தின் ஆவியும் உள்ளேயே சுற்றும். அதனால் மேல்பரப்பு மென்மையாக, கேக் போலவே அமையும், மொறுமொறுப்பு குறைவு.

உள்ளே நடப்பது

சூடேறியதும் பழச்சாறு கொதித்து மாவின் கீழ்ப்பகுதியை நனைக்கிறது. ஈரம் பட்ட இடத்தில் பேக்கிங் பவுடர் கரியமில வாயுவை விடுகிறது. மாவின் ஸ்டார்ச் நீரை உறிஞ்சி வீங்கிக் கெட்டிப்படுகிறது. சர்க்கரை மிகுந்த கலவையில் ஸ்டார்ச் வீங்க அதிகச் சூடு தேவை என்பதால் இந்த இனிப்பை அவசரமாக எடுக்கக் கூடாது. மேலே வெண்ணெயும் அதிலுள்ள சிறிதளவு நீரும் மாவுக்குள் இறங்கி, சர்க்கரையும் புரதமும் சேர்ந்து சிவக்க வழிசெய்கின்றன.

பெரும்பாலோர் சந்திக்கும் குறை, மேலே வெள்ளைத் திட்டாக நிற்கும் பச்சை மாவு. வெண்ணெய் எட்டாத இடம் அது. வெண்ணெயை உருக்கி ஒரே இடத்தில் ஊற்றினாலும், மிக்ஸ் குவிந்து கிடந்தாலும் இப்படி ஆகும். பாதி நேரத்தில் திறந்து, திட்டின்மேல் ஒரு வில்லை வெண்ணெயோ இரண்டு கரண்டி அன்னாசிச் சாறோ சேர்த்தால் சரியாகும்.

நிறத்திலும் கவனம் தேவை. செர்ரிக்கும் களாவுக்கும் சிவப்பைத் தருவது ஆந்தோசயனின் என்ற நிறமி. அது புளிப்பில் சிவந்தும் காரத்தில் நீலம்பாய்ந்தும் தோன்றும். வீட்டில் மைதா, சர்க்கரை, உப்பு கொண்டு மிக்ஸ் தயாரிப்பவர் சமையல் சோடாவைக் கூட்டினால் பழமும் மாவும் சேருமிடம் ஊதாவாகவோ சாம்பலாகவோ மாறலாம். பேக்கிங் பவுடரை அளவோடு சேர்ப்பதே சரி.

வகைகள்

ஒரே முறையில் பருவத்துக்கேற்பப் பழத்தை மாற்றலாம். சித்திரை, வைகாசியில் சற்றே புளிக்கும் மாம்பழம். அதையொட்டி கொடைக்கானல் பிளம்ஸ். ஆடிக்குப் பின் களா. அன்னாசி ஆண்டு முழுவதும் கிடைக்கும். வாழைப்பழமும் பப்பாளியும் சாறு குறைந்தவை. அன்னாசியோடு சேர்த்தால் மட்டுமே மாவு நனையும். பேக்கரிச் செர்ரியை விரும்புவோர் அதை நறுக்கி, வெந்து முடிந்தபின் மேலே தூவலாம். முந்திரியை வெண்ணெய்க்கு முன்பே தூவினால் அதனோடு சேர்ந்து வறுபடும்.

ஓவனிலிருந்து எடுத்ததும் பதினைந்து நிமிடம் ஆறவிட்டால் பழக்கூழ் இறுகும். இளஞ்சூட்டில் வெனிலா ஐஸ்கிரீமுடன் பரிமாறுவது அமெரிக்க வழக்கம். மிஞ்சியதை மூடிக் குளிர்பதனப் பெட்டியில் வைத்தால் மூன்று நாள் வரை நன்றாக இருக்கும். மறுநாள் மேல்பரப்பு ஈரம் உறிஞ்சி மென்மையாகிவிடுவதால், தோசைக்கல்லில் சிறு தீயில் மூடாமல் சூடாக்கிப் பரிமாறலாம்.