ரெனி-டெயில்யர், ஹென்றி வோ (1849–1920)

பிரித்தானியப் பொறியியல் படை அதிகாரி. தொடக்ககால உதைபந்தாட்ட வீரர். பிறப்பு: 9 ஒக்டோபர் 1849, முசூரி, இந்தியா. இறப்பு: 15 யூன் 1920, ஸ்காட்லாந்தின் மொன்ட்ரோஸ் நகருக்கு அருகில். ஸ்காட்லாந்தின் தேசிய உதைபந்தாட்ட அணி, தேசிய ரக்பி அணி ஆகிய இரண்டிலும் அதிகாரபூர்வமாக ஆடியவர் இவர் ஒருவரே.

இளமை

தந்தை தோமஸ், வங்காளப் பொறியியல் படையில் பணியாற்றியவர். மகன் இங்கிலாந்தின் செல்ட்டனம் கல்லூரியிலும் வூலிச் படைக் கலாசாலையிலும் பயின்று, 1870இல் பொறியியல் படையில் சேர்ந்தார்.

1872–1875

இங்கிலாந்தின் உதைபந்தாட்டச் சங்கம் (எஃப்.ஏ.) 1863இலும் ரக்பிச் சங்கம் 1871இலும் அமைந்தன. பந்தைக் கையில் ஏந்தி ஓடும் ஆட்டமும் காலால் மட்டும் உதைக்கும் ஆட்டமும் பிரிந்து சில ஆண்டுகளே ஆகியிருந்ததால், ஒருவரே இரண்டிலும் தேர்ச்சி பெறுவது அன்று அரிதல்ல. 1872 பெப்ரவரி 5ஆம் நாள் இலண்டனின் கெனிங்டன் ஓவல் மைதானத்தில் நடந்த இங்கிலாந்து–ஸ்காட்லாந்து ரக்பி ஆட்டத்தில் ரெனி-டெயில்யர் ஸ்காட்லாந்துக்காக இறங்கினார். அணிக்கு 20 பேர் ஆடிய காலம் அது. வெற்றி இங்கிலாந்துக்கே.

ஆறு வாரங்கள்கூட ஆகாத நிலையில், மார்ச் 16 அன்று, அதே மைதானத்தில் முதலாவது எஃப்.ஏ. கிண்ண இறுதியாட்டம் நடந்தது. இவர் ஆடிய, பொறியியல் படையின் ரோயல் என்ஜினியர்ஸ் அணியே வெல்லும் எனப் பலரும் நம்பினர். ஆனால் எதிரணியான வொண்டரர்ஸ் 1–0 என வென்றது. ஆட்டம் தொடங்கிய சிறிது நேரத்திலேயே என்ஜினியர்ஸ் வீரர் கிரெஸ்வெல்லின் காறை எலும்பு முறிந்தது. மாற்று வீரரை இறக்கும் வழக்கம் அப்போது இல்லை. வலியோடு அவர் இறுதிவரை களத்தில் நின்றார்.

1873 மார்ச் 8 அன்று, இங்கிலாந்துக்கு எதிரான ஆட்டத்தில், இவருக்கு ஸ்காட்லாந்தின் உதைபந்தாட்ட அணியில் இடம் கிடைத்தது. கிளாஸ்கோவிலிருந்து முழு அணியையும் இலண்டனுக்கு அனுப்பப் பணம் போதாமையால், இங்கிலாந்தில் வாழ்ந்த ஸ்காட்லாந்தியர் சிலர் சேர்க்கப்பட்டனர் என்பர். முந்தைய நவம்பரில் இரு நாடுகளும் ஆடிய முதல் ஆட்டம் கோலின்றி முடிந்திருந்ததால், இரண்டுக்கும் முதல் கோல் இந்த ஆட்டத்தில்தான் பிறந்தது. இங்கிலாந்தின் முதல் கோலை அடித்தவர் கெனியன்-ஸ்லேனி. அவர் பிறந்த ஊர் குஜராத்தின் ராஜ்கோட். ஸ்காட்லாந்தின் முதல் கோல் முசூரியில் பிறந்த ரெனி-டெயில்யருடையது எனப் பெரும்பாலான நூல்கள் கூறுகின்றன; கிப் என்பவரின் பெயரைச் சொல்வாரும் உளர். பெரும்பாலான நூல்களின் கூற்றை ஏற்றால், இரு நாடுகளின் முதல் கோல்களையும் அடித்தவர்கள் இந்திய மண்ணில் பிறந்த இரண்டு படை அதிகாரிகளே. இங்கிலாந்து 4–2 என வென்றது. தேசிய உதைபந்தாட்ட அணிக்காக இவர் ஆடிய ஒரே அதிகாரபூர்வ ஆட்டம் இது.

தனித்தனியே பந்தை உருட்டிச் சென்ற காலத்தில், ஒருவருக்கொருவர் பந்தைக் கடத்தி ஆடும் முறையை என்ஜினியர்ஸ் வளர்த்தனர். அதைத் தொடங்கிவைத்தவர்கள் இவர்களா, கிளாஸ்கோவின் குயீன்ஸ் பார்க் அணியினரா, ஷெஃபீல்டு அணிகளா என்பதில் ஆய்வாளரிடையே உடன்பாடில்லை. 1873 டிசம்பரில் ஷெஃபீல்டு, டார்பி, நொட்டிங்கம் நகரங்களுக்குச் சென்று இவர்கள் ஆடியதே முதல் உதைபந்தாட்டச் சுற்றுலா எனக் கருதப்படுகிறது.

1874 இறுதியாட்டத்தில் ஒக்ஸ்போர்ட் பல்கலைக்கழகத்திடம் 0–2 எனத் தோற்ற அணி, 1875இல் மீண்டும் இறுதிக்கு வந்தது. எதிரணி ஓல்ட் இட்டோனியன்ஸ். கோல் விழுந்தவுடன் பக்கம் மாறவேண்டும் என்ற அன்றைய விதியாலும் அன்று வீசிய பலத்த காற்றாலும், என்ஜினியர்ஸ் பெரும்பாலான நேரம் எதிர்க்காற்றிலேயே ஆட நேர்ந்தது. அந்நிலையில் 1–1 எனச் சமன் செய்த கோல் ரெனி-டெயில்யருடையது. மார்ச் 16 அன்று நடந்த மறு ஆட்டத்தில் என்ஜினியர்ஸ் 2–0 என வென்று கிண்ணத்தைக் கைப்பற்றியது. அதில் இவர் அடித்தது ஒரு கோலா இரண்டா என்பதில் பதிவுகள் வேறுபடுகின்றன. அணியின் முன்னாள் தலைவர் மரிண்டின் இரு அணிகளுக்கும் உரியவர். எந்தப் பக்கமும் சாராமல் அந்த இறுதியாட்டத்திலிருந்து விலகி நின்றார் என்பது வழிவழியாக வரும் செய்தி.

பிற்காலம்

1873 முதல் 1883 வரை கென்ட் அணிக்காகத் துடுப்பாட்டமும் ஆடினார். 1880இல் சாத்தம் நகரில் சிவில் சேர்விஸ் அணிக்கு எதிராக என்ஜினியர்ஸ் அணிக்காக ஆட்டமிழக்காமல் 331 ஓட்டங்கள் எடுத்தார். படையிலிருந்து ஓய்வுபெற்றபின் டப்ளினின் கின்னஸ் நிறுவனத்தில் சேர்ந்து, அதன் முகாமைப் பணிப்பாளராக உயர்ந்தார்.

படையும் பந்தும்

ரெனி-டெயில்யர் போன்றோர் பணியாற்றிய பிரித்தானியப் படைப்பிரிவுகள் சென்ற இடமெல்லாம் உதைபந்தாட்டமும் சென்றது. இலங்கைக்கு இதைக் கொண்டுவந்தவர்களும் பிரித்தானியப் படையினரே என்பது பொதுவான கருத்து. ஃபிரெட்ரிக் கோட்டையில் காவற்படையும், 1957 வரை துறைமுகத்தில் பிரித்தானியக் கடற்படைத் தளமும் இருந்த திருகோணமலையை இந்தப் பின்னணியில் நோக்குவது தகும். முகாம் மைதானம் வேலிக்குள் இருந்தாலும், அதன் ஆட்டம் வேலிக்கு வெளியே நின்று பார்த்தவர்களுக்கும் உரியதாகிவிடுவது பல துறைமுக நகரங்களில் கண்ட உண்மை.

நினைவு

2012 நவம்பரில் 1872 இறுதியாட்டத்தின் மறு அரங்கேற்றம் ஓவல் மைதானத்தில் நடந்தது. இம்முறை என்ஜினியர்ஸ் 7–1 என வென்றது.